கம்பம்மெட்டு: ஒரு கிழங்கு, இரண்டு தலைவிதி

மலைக்கு மேற்கே அது சோறு; கிழக்கே ஆலைச் சரக்கு. இந்தப் பிரிவினையைச் செய்தது ஒரு போர்.

பொழுது புலரும் முன்பே கம்பம் நகரிலிருந்து ஜீப்புகள் கிளம்பிவிடுகின்றன. ஒவ்வொன்றிலும் நெருக்கியடித்து உட்கார்ந்திருப்பவர்கள் ஏலத்தோட்ட வேலைக்குப் போகும் பெண்கள். மடியில் தூக்குவாளி, தலையைச் சுற்றித் துண்டு. கொண்டை ஊசி வளைவுகளில் ஜீப் முனகிக்கொண்டே ஏற, கீழே திராட்சைப் பந்தல்களும் தென்னந்தோப்புகளும் முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் விளையும் நெல் வயல்களும் சிறுத்துக்கொண்டே போகின்றன. உச்சியில் காற்று முகத்தில் அறைகிறது. அங்கேதான் தமிழ்நாடு முடிந்து கேரளம் தொடங்குகிறது.

கம்பம்மெட்டு. கம்பத்துக்கு மேலே உள்ள மேடு என்று கீழே இருப்பவர்கள் வைத்த பெயர். நிர்வாகக் கணக்கில் அது இடுக்கி மாவட்டம், உடும்பன்சோலை வட்டம், கருணாபுரம் ஊராட்சி. கடைப் பலகைகளில் மலையாளமும் தமிழும் அடுத்தடுத்து நிற்கின்றன. டீக்கடையில் கேட்கும் பேச்சில் எது எந்த மொழி என்று பிரிப்பது கடினம். 2011 டிசம்பரில் முல்லைப் பெரியாறு கொந்தளிப்பின்போதும், 2020 ஊரடங்கின்போதும் இந்தப் பாதை அடைபட்டது. இரு தடவையும் முதலில் அடிவாங்கியது ஜீப்பில் ஏறும் பெண்களின் தினக்கூலிதான்.

அரிசியும் காய்கறியும் கீழேயிருந்து மேலே போகின்றன. ஏலக்காயும் மிளகும் மேலேயிருந்து கீழே இறங்குகின்றன. இந்தக் கொடுக்கல் வாங்கலில் ராஜா ஏலக்காய். அதற்கென்று நறுமணப் பொருள் வாரியம் இருக்கிறது. புற்றடியிலும் போடிநாயக்கனூரிலும் கம்ப்யூட்டர் திரை பார்த்து ஏலம் எடுக்கிறார்கள். 2019 ஆகஸ்டில் ஒரு கிலோ 7,000 ரூபாய் வரை போய், நாடெங்கும் செய்தியானது. கவுதமாலாவில் விளைச்சல் எப்படி என்பது இங்கே சிறு தோட்டக்காரருக்கும் தெரியும்.

சாலையோரம் மண் ஒட்டியபடி குவித்து வைத்திருக்கும் கப்பாவுக்கு இந்த மரியாதை கிடையாது. கப்பா என்பது நம்முடைய மரவள்ளி. சேலத்தில் குச்சிக்கிழங்கு, குமரியில் மரச்சீனி, மலபாரில் பூள. அதற்கு ஏல மையம் இல்லை. நாள் விலை சொல்லும் பலகையும் இல்லை. ஆனால் இந்த மலையில் மனிதர்கள் குடியேறிய கதையைச் சொல்ல வேண்டுமானால் ஏலக்காயை விட்டுவிட்டுக்கூடச் சொல்லலாம், கப்பாவை விட்டுவிட்டுச் சொல்ல முடியாது.

தென் அமெரிக்காவில் பிறந்த இந்தக் கிழங்கைக் கேரளக் கரைக்குக் கொண்டுவந்தவர்கள் போர்த்துகீசியர். கப்பலில் வந்ததால்தான் கப்பா என்ற பெயர் என்று ஊர்வழக்கில் ஒரு விளக்கமும் உண்டு. ஆனால் ஏழையின் அடுப்பில் அதை ஏற்றிவைத்தவர் 1880 முதல் 1885 வரை திருவிதாங்கூரை ஆண்ட விசாகம் திருநாள் மன்னர். விஷக் கிழங்கு என்று மக்கள் அஞ்சினார்கள். அந்த அச்சம் முழுக்கப் பொய்யும் அல்ல; கிழங்கில் சயனைடைத் தரும் பொருள் இருக்கிறது. நறுக்கி வேகவைத்து நீரை வடித்துவிட்டால் ஆபத்து நீங்கும். அரண்மனை விருந்திலேயே அதைப் பரிமாறச் செய்து மன்னர் பயத்தைப் போக்கினார் என்று சொல்வார்கள்.

பிறகு வந்தது இரண்டாம் உலகப் போர். 1942 பிப்ரவரியில் சிங்கப்பூரும் மார்ச்சில் ரங்கூனும் ஜப்பானியர் கையில் விழுந்தன. இந்த இரண்டு துறைமுகங்களின் வீழ்ச்சிதான் மரவள்ளியின் தலையெழுத்தை மலைக்கு இரு பக்கமும் வேறு வேறாக எழுதியது.

மேற்குப் பக்கத்தை முதலில் பார்ப்போம். திருவிதாங்கூர் பர்மா அரிசியை நம்பியிருந்த நாடு. ரங்கூன் கப்பல் நின்றதும் பட்டினி வந்தது. நிலத்தில் கையளவு இடம் இருந்தவர்கள் கப்பாக் குச்சியை ஊன்றினார்கள். உணவு விளைச்சலைப் பெருக்கக் காட்டு நிலங்களைத் திறந்துவிட்டது அரசு. பாலா, தொடுபுழா, மூவாற்றுப்புழைப் பக்கங்களிலிருந்து குடும்பம் குடும்பமாக மலையேறினார்கள். யானைக்குப் பயந்து மரத்தின்மேல் ஏறுமாடம் கட்டிப் படுத்தார்கள். மலேரியாவுக்குப் பிள்ளைகளைப் பறிகொடுத்தார்கள். முதல் மழைக்கு அவர்கள் நட்டது கப்பா. உரம் கேட்காது, பாசனம் கேட்காது, பக்கத்து வீட்டில் ஒரு கட்டுக் குச்சி வாங்கினால் போதும், விதைச் செலவும் இல்லை.

1955 வாக்கில், பட்டம் தாணு பிள்ளை ஆட்சிக் காலத்துத் திட்டப்படி, நெடுங்கண்டம் அருகே கல்லாறில் குடும்பத்துக்கு 5 ஏக்கர் கொடுத்துக் குடியேற்றினார்கள். தமிழர் மிகுதியாக வாழ்ந்த தேவிகுளம், பீருமேடு பகுதிகளைத் தமிழ்நாட்டோடு சேர்க்க வேண்டும் என்ற போராட்டம் உச்சத்தில் இருந்த நேரம் அது. மக்கள்தொகைக் கணக்கை மாற்றத்தான் இந்தக் குடியேற்றம் என்று தமிழர் தரப்பில் குற்றம்சாட்டினார்கள். 1956 மாநிலச் சீரமைப்பில் மலை கேரளத்துக்குப் போயிற்று. எல்லைக் கோட்டில் அரசியல் எவ்வளவு உண்டோ அவ்வளவு பசியும் உண்டு.

அந்தப் பசியின் சமையல் இன்றும் மாறவில்லை. வேகவைத்த கப்பாவும் காந்தாரி மிளகாய்ச் சம்மந்தியும். மீன் குழம்பு கிடைத்தால் விருந்து. எலும்புக் கறியோடு கிளறிய கப்பாவுக்கு இடுக்கியில் 'ஏஷ்யாட்' என்று பெயர். கோடையில் ஊர்கூடிச் செய்யும் வேலை வாட்டுக் கப்பா. தோலுரித்து, சீவி, பெரிய செம்பில் அரை வேக்காடாக்கிப் பாறைமேல் காயவைத்து, மழைக்காலம் முழுக்க வைத்துத் தின்றார்கள்.

இனி கிழக்குப் பக்கம். ஜவ்வரிசி என்பது மலேயாத் தீவுகளில் ஒரு பனையின் சோற்றிலிருந்து எடுத்த பண்டம். சிங்கப்பூர் வழி அடைபட்டதும் அது வருவது நின்றது. கேரளத்துக்கு மீன் வியாபாரமாகப் போய்வந்த சேலத்து மாணிக்கம் செட்டியார், பினாங்கிலிருந்து வந்த போபட்லால் ஷாவைச் சந்தித்தார். மரவள்ளி மாவிலிருந்து ஜவ்வரிசி செய்யும் தொழில் 1943இல் சேலத்தில் பிறந்தது. மறு ஆண்டே ஒரு வழக்கு எழுந்தது. பஞ்ச காலத்தில் மக்கள் தின்னும் கிழங்கை ஆலைக்கு அனுப்பலாமா என்று சேலம் கலெக்டர் தடை போட்டார். தொழில்காரர்கள் போராடித் தடையை நீக்கினார்கள். தின்பதா, விற்பதா என்ற அந்தக் கேள்விக்கு இன்றுவரை முடிவு கிடைக்கவில்லை.

கேள்விக்குக் காரணம் கிழங்கின் உடம்பிலேயே இருக்கிறது. மண்ணுக்குள் இருக்கும்வரை மாதக் கணக்கில் கெடாது, மண்ணே கிடங்கு. தோண்டிவிட்டால் இரண்டு மூன்று நாளில் உள்ளே கருநீலக் கோடு விழுந்துவிடும். எனவே பச்சைக் கிழங்குக்கு உலகச் சந்தை என்று ஒன்று அநேகமாக இல்லை. உலகில் ஆண்டுக்கு 30 கோடி டன்னுக்கு மேல் விளைகிறது. முதலிடம் நைஜீரியாவுக்கு. அங்கே விளைவதில் பெரும்பகுதி அங்கேயே 'காரி' என்ற வறுத்த ரவையாகி வயிற்றுக்குள் போகிறது. கடல் தாண்டுவது காய்ந்த வில்லையும் ஸ்டார்ச் மாவும்தான்.

அந்த வியாபாரத்தின் தலைநகரம் தாய்லாந்து. அதன் கதை ஒரு பாடம். ஐரோப்பாவில் விவசாயிகளைக் காக்கத் தானிய விலையை உயர்த்தி வைத்திருந்தார்கள். அதனால் அங்கே பன்றிக்கும் மாட்டுக்கும் தானியத்தைவிடத் தாய்லாந்து மரவள்ளி மலிவாகக் கிடைத்தது. வடகிழக்குத் தாய்லாந்தின் காடுகள் மரவள்ளி வயல்களாயின. ஐரோப்பிய விவசாயிகள் கூச்சலிட, 1982 உடன்பாட்டின்படி ஏற்றுமதிக்குக் கடிவாளம் விழுந்தது. 1992இல் ஐரோப்பா தன் வேளாண் கொள்கையைத் திருத்தி உள்நாட்டுத் தானிய விலையைக் குறைத்தது. கால்நடைத் தீவனச் சந்தை கரைந்தது. பிறகு கைகொடுத்தது சீனா. சாராயத்துக்கும் ஸ்டார்ச்சுக்கும் வில்லை வில்லையாக வாங்கியது. சீனா தன் கையிருப்புச் சோளத்தை மலிவாக அவிழ்த்துவிட்டால் தாய்லாந்தில் விலை சரியும். பிரஸ்ஸல்ஸில் ஒரு கையெழுத்து, பெய்ஜிங்கில் ஒரு கிடங்குச் சாவி. நட்டவனுக்கு இரண்டின்மீதும் பிடி இல்லை.

சேலத்துக்காரருக்கு வேறு வகைக் கவலை. அவருடைய ஜவ்வரிசி மகாராஷ்டிரம், குஜராத், மத்தியப் பிரதேசம் என்று போகிறது. அங்கே விரத நாளில் தானியம் கூடாது. சாபுதானா கிச்சடி கூடும். ஏகாதசியும் நவராத்திரியும் சேலத்து வயலுக்கும் பண்டிகைதான். ஆனால் வயலில் கிழங்குக்கு விலை எடையால் மட்டும் அமைவதில்லை. மாவுச்சத்து எத்தனை 'பாயிண்ட்' என்று ஆலை அளந்து சொல்ல வேண்டும். அளப்பது வாங்குபவர் என்பதால் தகராறு ஓய்வதில்லை. ஆலை அதிபர்களுக்கோ மக்காச்சோள ஸ்டார்ச்சின் போட்டி. 1981இல் அமைந்த சேகோசர்வ் கூட்டுறவுச் சங்கம் ஆலைகளின் சரக்கை ஏலத்துக்குக் கொண்டுவந்து ஓரளவு ஒழுங்கு செய்தது. 2023இல் சேலம் ஜவ்வரிசிக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது.

வியாபாரம் போகாத இடத்துக்கும் பூச்சியும் நோயும் போகின்றன. தமிழகத்திலும் கேரளத்திலும் இலையைச் சுருட்டும் தேமல் நோயின் வைரஸ்களில் ஒன்றுக்கு 'இலங்கை மரவள்ளித் தேமல் வைரஸ்' என்று பெயர். 2015இல் அது கம்போடியாவில் தென்பட்டு, 2018இல் தாய்லாந்தை எட்டியது. எதிர்த் திசையிலும் பயணம் உண்டு. ஆப்பிரிக்காவை அலறவைத்த மரவள்ளி மாவுப்பூச்சி தாய்லாந்தைத் தாக்கி, 2020இல் திருச்சூரில் கண்டறியப்பட்டு, சேலம், நாமக்கல் வயல்களுக்கும் பரவியது. ஆப்பிரிக்காவில் ஒரு சின்னஞ்சிறு ஒட்டுண்ணிக் குளவியை விட்டு அதை அடக்கிய ஹான்ஸ் ஹெரனுக்கு 1995இல் உலக உணவுப் பரிசு கிடைத்தது. அதே குளவியை 2021இல் பெனின் நாட்டிலிருந்து தருவித்து, மறு ஆண்டு சேலம் மாவட்டம் ஏத்தாப்பூரிலிருந்து வயல்களில் விட்டார்கள்.

இத்தனை அலைகளுக்கு நடுவே கேரளத்துக் கப்பா எங்கே நிற்கிறது? விளைச்சல் திறனில் இந்தியா உலகில் முன்வரிசை. ஹெக்டேருக்கு 30 டன்னுக்கு மேல். உலகச் சராசரி அதில் மூன்றில் ஒரு பங்கு அளவே. திருவனந்தபுரம் ஸ்ரீகாரியத்தில் மத்தியக் கிழங்குப் பயிர் ஆராய்ச்சி நிறுவனம் 1963 முதல் இயங்குகிறது. இருந்தும் நிலம் நழுவிவிட்டது. 1970களின் நடுவில் கேரளத்தில் 3 லட்சம் ஹெக்டேருக்கு மேல் கப்பா இருந்தது. இன்று அதில் நான்கில் ஒரு பங்குகூட இல்லை. தாழ்ந்த மலைகளில் ரப்பரும் உயர்ந்த மலைகளில் ஏலமும் அதைத் தள்ளிவிட்டன. மிச்சத்தைக் காட்டுப்பன்றி கிண்டுகிறது. தொல்லை தாங்காமல், 2022இல் பன்றியைச் சுட உத்தரவிடும் அதிகாரத்தை உள்ளாட்சித் தலைவர்களுக்கே கேரள அரசு கொடுத்தது.

நழுவிய பயிரை மறுபடி நட வைத்தது ஒரு பழைய பயம். 2020 ஊரடங்கில் எல்லைகள் மூடியபோது, வெளியிலிருந்து லாரி வராவிட்டால் என்ன ஆகும் என்று கேரளம் யோசித்தது. 'சுபிட்ச கேரளம்' திட்டத்தில் தரிசுகளிலெல்லாம் கப்பா முளைத்தது. அந்த நவம்பரில் 16 விளைபொருள்களுக்கு அரசு அடிப்படை விலை அறிவித்தது. கப்பாவுக்குக் கிலோ 12 ரூபாய். 2021இல் எல்லோருடைய கிழங்கும் ஒன்றாக விளைந்தது. வாங்க ஆளில்லை, பல இடங்களில் அறிவித்த விலையில் பாதிகூடத் தேறவில்லை. மனம் கசந்து பலர் நடுவதை நிறுத்தினார்கள். அடுத்து வந்த ஆண்டில் கடைகளில் விலை எகிறியது. அப்போது விற்கக் கிழங்கு இல்லை. தாய்லாந்து விவசாயிக்கு நேர்ந்ததுதான் இதுவும். அங்கே அடித்தது பிரஸ்ஸல்ஸ் என்றால் இங்கே அடித்தது பக்கத்து வயல்.

கம்பம்மெட்டுப் பக்கத்துச் சிறு தோட்டக்காரர் இந்தக் கணக்கைத் தன் வழியில் தீர்த்து வைத்திருக்கிறார். ஏலச்செடி பட்டுப்போன இடத்திலும் வீட்டை ஒட்டிய சரிவிலும் கொஞ்சம் கப்பா. ஏலக்காய் 7,000 ரூபாயைத் தொட்ட பிறகு இரண்டு மூன்று ஆண்டுகளில் ஆயிரத்துக்கும் கீழே விழுந்தபோது, கடன் நோட்டீஸ் வந்த வீடுகளிலும் இரவு அடுப்பு எரிந்தது. விற்றால்தான் ஏலக்காய்க்கு மதிப்பு. கப்பாவோ விற்காவிட்டாலும் சோறு. இந்த ஒரு வசதிக்காகத்தான் மூன்று தலைமுறையாக அதை விடாமல் வைத்திருக்கிறார்கள்.

ஆனால் வீட்டுக்கு மிஞ்சியதை விற்க வழி வேண்டாமா? வளைகுடாவுக்கும் லண்டனுக்கும் உறையவைத்த கப்பா போகத்தான் செய்கிறது. அந்த ஆலைக்குச் சரக்கைச் சேர்ப்பதற்குள் மலைக்காரரின் மூன்று நாள் கெடு முடிந்துவிடுகிறது. முன்பு அந்தக் கெடுவை வென்றது ஊர்கூடிய வாட்டுக் கப்பா. இன்று சீவவும் காய்ச்சவும் கூலிக்கு ஆள் வைத்தால் கட்டுப்படியாவதில்லை. ஊராட்சிக்கு ஒரு சீவல் எந்திரம், மழையிலும் காயவைக்க ஓர் உலர்த்தும் கூடம், அறிவித்த விலைக்கு உண்மையிலேயே வாங்கிக்கொள்ளும் ஒரு சங்கம்: கேட்பது இவ்வளவுதான். ஏலக்காய்க்கு ஏல மையம் கட்டிக்கொடுத்த மலைக்கு இது பெரிய செலவு அல்ல.