ஜாக்கி சானும் நமது மகனும்

கரக்பூர் ரயில்வே குடியிருப்பில் நமது வீட்டு ஞாயிற்றுக்கிழமை மாலைப்பொழுது ஜாக்கி சானுக்கென்றே ஒதுக்கப்பட்டதாகும். ஒன்பது வயது மகனும் நாமும் பாயை விரித்து அமர்ந்துவிடுவோம். படங்கள் பெரும்பாலும் இந்திப் பேச்சுடன்தான் கிடைக்கின்றன. மகனுக்கு அதனால் குறையில்லை. தமிழைவிட இந்திதான் அவனுக்குச் சரளம்.

அப்படங்களுள் சிறந்தவை எவையென்று அன்பர் சிலர் நம்மைக் கேட்டதுண்டு. 1978 முதல் 1994 வரை ஹாங்காங் படவுலகில் அவர் நடித்தவையே சிறந்தவை என்பது நமது அபிப்பிராயம். அமெரிக்காவில் நடித்த 'ரஷ் ஹவர்' (1998) சிரிக்கவைக்கும். ஆனால் சண்டை சூடேறுமுன் முடிந்துவிடும். சில காட்சிகள் நமது ஹம்பியில் எடுக்கப்பட்டன என்பதற்காக 'தி மித்' (2005) படத்தையும் பார்த்தோம். ஒருமுறை போதும்.

புரூஸ் லீ 1973-இல் மறைந்தபின் பலரும் அவரைப் போலவே முறைத்துப் பார்த்துச் சண்டையிட்டனர். ஜாக்கி சானோ, 'ட்ரங்கன் மாஸ்டர்' (1978) படத்தில் அடிபட்டால் முகத்தைச் சுளித்துக் கையை உதறினார். கதாநாயகனுக்கும் வலிக்கும் என்று காட்டியதே அவர் செய்த புதுமை.

'போலீஸ் ஸ்டோரி' (1985) படத்தின் இறுதியில், அங்காடி மாளிகையின் உச்சியிலிருந்து மின்விளக்குகள் சுற்றிய கம்பத்தைப் பற்றிக்கொண்டு சறுக்குகிறார். அதில் அவர் கைகள் உண்மையாகவே வெந்தன. ஆயினும் நமக்கு உகந்தது, காவல் நிலையத்தில் தனியாக அமர்ந்து பல தொலைபேசிகளுக்கு ஒருங்கே பதில் கூறிக் கம்பிகளில் சிக்கித் தவிக்கும் காட்சியே. வண்டிகள் தாமதமாகும் நாட்களில் விசாரணை மேஜையில் அமர்ந்தவர்களுக்கு அதன் சுவை தெரியும்.

'ப்ராஜெக்ட் ஏ' (1983) படத்தில் மணிக்கூண்டின் கடிகார முள்ளைப் பிடித்துத் தொங்குபவர், கைநழுவித் துணிக் கூரைகளைக் கிழித்துக்கொண்டு தரையில் வீழ்கிறார். படம் முடிந்தபின், எடுக்கும்போது தவறிய காட்சிகளும் ஓடுகின்றன. சென்ற மாதம் அதைப் பார்த்த மகன், "அப்பா, அவங்க அம்மா பார்த்தா அழமாட்டாங்களா?" என்று கேட்டான்.

அவ்விடத்தில் நமக்கு வாய் அடைத்துப் போயிற்று. ஏனெனில் அந்த வரலாற்றை நாம் படித்திருந்தோம். தந்தை ஆஸ்திரேலியாவில் கான்பெராவிலுள்ள அமெரிக்கத் தூதரகத்தில் சமையல் வேலைக்குச் சென்றார்; பின்னர்த் தாயும் சென்றார். மகன் ஏறக்குறைய ஏழு வயதில் சீன இசைநாடகப் பள்ளியொன்றில் பத்தாண்டு ஒப்பந்தத்தில் விடப்பட்டார். குட்டிக்கரணமும் குதித்தலும் அங்கே கற்றவை. பிரம்படியும் அங்கே பெற்றதுதான். அப்பள்ளி இல்லையேல் இப்படங்கள் இல்லை. அதையும் நாம் மறுக்கவில்லை.

நமது அன்னையார் விழுப்புரத்திலிருந்து சொல்லியனுப்பியிருந்தார்: "பேரன் தமிழ் எழுத்துக்கூடத் தெரியாமல் வளருகிறானே, ஜூன் மாதம் இங்கே கொண்டுவந்து விடு." நாமும் சம்மதித்துப் பள்ளி விண்ணப்பத்தை வரவழைத்திருந்தோம். இல்லாளுக்கு விருப்பமில்லை, இருந்தும் மாமியாரின் பேச்சுக்கு மறுபேச்சில்லை. பாட்டியின் வீடும் பிரம்படிப் பள்ளியும் ஒன்றல்லதான். ஆனால் மகனிடம் அதுவரை நாம் ஒருவார்த்தை கேட்கவில்லை.

அன்றிரவு கேட்டோம். "ஞாயித்துக்கிழமை நீங்க அங்க வருவீங்களா?" என்றான். கோரமண்டல் வண்டியில் ஏறினாலும் சென்னை சேரவே ஓர் இரவு கழியும், அங்கிருந்து விழுப்புரம். வாராவாரம் எப்படி வருவது?

அன்னையாருக்கு மறுநாள் தொலைபேசியில் விஷயத்தைச் சொன்னோம். சற்று நேரம் பேசவில்லை. பிறகு, "அப்படியானால் நீயே உட்கார்ந்து கற்றுக்கொடு" என்று கூறி வைத்துவிட்டார். இப்போது படம் தொடங்குமுன் அரைமணி நேரம் சிலேட்டுப் பலகை. 'ஞ' எழுதுவதற்குள் மகன் படும் பாட்டுக்கு மணிக்கூண்டே மேல் என்கிறான்.