பூங்காவுக்கு அந்தப் பக்கம் நீலம்

எங்கள் வீட்டில் சனிக்கிழமை இரவென்றால் இரண்டு கட்சி. அப்பா எவர்ட்டன், தம்பி லிவர்பூல். யார் ஜெயித்தாலும் தட்டைக் கழுவி வைத்துவிட்டுப் படுங்கள் என்பது அம்மாவின் கட்சி. நான் நடுவில் உட்கார்ந்து வறுத்த கச்சான் தின்றுகொண்டே வளர்ந்தவள்.

கிள்ளானில் லிவர்பூல் ரசிகர் வேண்டுமென்றால் எந்த மாமாக் கடையிலும் நாலு பேர் கிடைப்பார்கள். எவர்ட்டன் ரசிகருக்கு எங்கள் அப்பாவைத்தான் காட்ட முடியும். ஏன் இந்தக் குழு என்று சின்ன வயதில் கேட்டேன். தாத்தா துறைமுகத்தில் ரப்பர் ஏற்றியவர். அப்போது அங்கு வந்த பெரிய கப்பல்களில் பல ‘புளூ ஃபனல்’ கப்பல்கள். நீலப் புகைபோக்கி வைத்தவை, லிவர்பூலைத் தாயகமாகக் கொண்டவை. “நம்ம தாத்தா தூக்குன ரப்பரெல்லாம் அந்த ஊருக்குப் போச்சு. அந்த ஊர்ல நீலம் எதுன்னு கேட்டேன், எவர்ட்டன்னாங்க. அவ்வளவுதான்” என்றார். 1980களில் எவர்ட்டன் நன்றாக ஆடியது, 1985லும் 1987லும் லீக் பட்டம் வென்றது. அதற்குப் பிறகு லீக் பட்டமே இல்லை. 1995இல் எஃப்.ஏ. கிண்ணம், அதுதான் கடைசிப் பெரிய கோப்பை. அப்பா மாறவில்லை.

அவருக்கு ஒரே ஆசை. எவர்ட்டனின் குடிசன் பார்க் அரங்கில் ஒருமுறை உட்கார வேண்டும். (அம்மா காதில் அது இன்றுவரை ‘குடிசை பார்க்’தான்.) போகலாம், போகலாம் என்று தள்ளிப்போட்டோம். இனிப்புநீர் வந்தது, அது கண்ணைப் பிடித்தது. 2025 மே 18இல் ஆண்கள் குழு அங்கே கடைசி ஆட்டத்தை ஆடி முடித்தபோது, அப்பாவுக்குத் தொலைக்காட்சியில் பச்சையும் நீலமுமாக ஏதோ அசைவது மட்டுமே தெரிந்தது. இனிமேல் போய் என்ன பார்க்கப் போகிறேன் என்றார். அக்டோபரில் தம்பியும் நானும் போனோம். “நீ பாத்து எனக்குச் சொல்லு. வேலையே அதுதானே உனக்கு” என்று வழியனுப்பினார்.

சனிக்கிழமை காலை ஸ்டான்லி பூங்காவில் நின்றபோதுதான் இந்தப் பகையின் அளவு எனக்குப் புரிந்தது. 1870இல் திறந்த பழைய பூங்கா. ஒரு பக்கம் லிவர்பூலின் ஆன்ஃபீல்ட், மறுபக்கம் எவர்ட்டனின் குடிசன். இடையில் ஒரு மைல்கூட இல்லை. ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு நடந்தால் வாங்கிய தேநீர் ஆறுவதற்குள் போய்விடலாம்.

இதைவிட வேடிக்கை, ஆன்ஃபீல்டில் முதலில் குடியிருந்ததே எவர்ட்டன்தான். 1884 முதல் 1892 வரை அதுதான் அவர்கள் திடல். மதுபான ஆலை முதலாளியான ஜான் ஹோல்டிங், குழுவின் தலைவராகவும் இருந்தார், வாடகை வாங்குகிறவராகவும் இருந்தார். வாடகை ஏறியது, தகராறு முற்றியது. உறுப்பினர்கள் மூட்டை முடிச்சோடு பூங்காவைத் தாண்டிப் போய்ச் சொந்தத் திடல் அமைத்துக்கொண்டார்கள். கையில் வெறும் திடலோடு நின்ற ஹோல்டிங், அதில் ஆட ஒரு புதுக் குழுவைத் தொடங்கினார். அந்தக் குழுதான் லிவர்பூல். உலகம் முழுக்கச் சட்டை விற்கும் குழு, வாடகைச் சண்டையில் காலியான வீட்டுக்கு ஆள் தேடியதில் பிறந்தது! இதைத் தம்பியிடம் சொன்னபோது “தெரியும்கா” என்றான். தெரிந்தும் இத்தனை வருடம் அப்பாவிடம் ஒப்புக்கொள்ளவில்லை.

ஆன்ஃபீல்டைச் சுற்றிக் காட்டுகிறார்கள். உடை மாற்றும் அறை, திடலுக்கு இறங்கும் சுரங்கப்பாதை, அதன் மேலே ‘இது ஆன்ஃபீல்ட்’ என்ற பலகை. எதிரணியின் வயிற்றைக் கலக்கப் பயிற்சியாளர் பில் ஷேங்க்லி காலத்தில் மாட்டியது. ஏதாவது ஒரு கோப்பை வெல்லும்வரை இதைத் தொடாதீர்கள் என்று யூர்கன் குளோப் தன் ஆட்டக்காரர்களுக்குச் சொல்லியிருந்தாராம். எங்களோடு வந்த சுற்றுப்பயணிகள் எல்லாரும் தொட்டார்கள், தம்பி தொடவில்லை. ‘கோப்’ எனும் பெரிய இருக்கைப் பகுதி காலியாக இருந்தது. 1900ஆம் ஆண்டு தென்னாப்பிரிக்கப் போரில் ஸ்பியன் கோப் என்ற குன்றில் லிவர்பூல்காரர்கள் பலர் மாண்டதால் வந்த பெயர் அது. 1994 வரை அங்கே நின்றுதான் ஆட்டம் பார்த்தார்கள். 1963இல் கெர்ரி அண்ட் த பேஸ்மேக்கர்ஸ் பாடி வெளியிட்ட பாட்டை ரசிகர்கள் இன்றும் பாடுவது இங்கேதான். அதை நான் வானொலியில் எத்தனையோ முறை ஒலிபரப்பியிருக்கிறேன். ஆளில்லாத அந்த இருக்கைகளைப் பார்த்தபோது, பாட்டை மட்டும் கேட்டால் பாதிதான் கிடைக்கிறது என்று தோன்றியது.

வெளியே வந்ததும் ஹில்ஸ்பரோ நினைவிடம். 1989 ஏப்ரல் 15 அன்று ஷெஃபீல்ட் நகரில் எஃப்.ஏ. கிண்ண அரையிறுதிக்குப் போய் நெரிசலில் சிக்கி மாண்ட லிவர்பூல் ரசிகர்களின் பெயர்களும் வயதும் கல்லில் இருக்கின்றன. மொத்தம் 97 பேர். மூளை பாதிக்கப்பட்டு 32 ஆண்டுகள் உயிரோடிருந்து 2021இல் இறந்தவரும் அந்தக் கணக்கில் உண்டு. தவறு ரசிகர்கள்மீது இல்லை, அது சட்டவிரோத மரணம் என்ற தீர்ப்பு 2016இல்தான் வந்தது. 27 ஆண்டுகள்! வயதுகளை வாசித்துக்கொண்டே வந்தேன். சிறுவர்கள், அண்ணன் தம்பிகள், அப்பாவும் பிள்ளையும். பெரும்பாலும் பேசிக்கொண்டே இருக்கும் தம்பி அங்கே தொப்பியைக் கழற்றி நின்றுவிட்டான்.

அந்த வாரத்தில் நடந்ததை அப்பா எனக்குச் சொல்லியிருக்கிறார். குடிசனிலிருந்து ஆன்ஃபீல்ட் வரை, நாங்கள் நடந்து வந்த அதே பூங்காவின் குறுக்கே, கழுத்துத் துண்டுகளை ஒன்றோடொன்று முடிந்து கட்டினார்கள், நீலமும் சிவப்புமாக. 2012இல் உண்மை அறிக்கை வெளியான அடுத்த வாரம், குடிசன் திடலில் எவர்ட்டன் நீலச் சட்டையில் 9ஆம் எண்ணோடு ஒரு சிறுமியும், லிவர்பூல் சிவப்புச் சட்டையில் 6ஆம் எண்ணோடு ஒரு சிறுவனும் கைகோத்து நின்றார்கள். அப்போது இறந்தவர் கணக்கு 96. அப்பா அந்தப் படத்தைப் பத்திரிகையிலிருந்து வெட்டி அலமாரிக் கதவின் உட்புறம் ஒட்டியிருந்தார். தம்பியின் கண்ணில் படாமல் அங்கே ஒட்டினார் என்றே நான் நினைத்திருந்தேன். அவனுக்கும் தெரியுமாம்.

ஆன்ஃபீல்டைச் சுற்றியுள்ள தெருக்களில் சிவப்புச் செங்கல் வரிசை வீடுகள். ஒட்டி ஒட்டி இருப்பதைப் பார்த்தால் எனக்குத் தோட்டத்து லயன் வீடுகள்தான் நினைவுக்கு வந்தன, இவை மாடி வைத்தவை என்பதுதான் வித்தியாசம். அரங்கை விரிவாக்கும் திட்டம் ஆண்டுக்கணக்கில் இழுத்தடித்ததில் இங்கே பல வீடுகள் ஆளில்லாமல், சன்னலில் பலகை அடித்துக் கிடந்தன. பல இடிக்கவும்பட்டன. 2016இல் பெரிய புது இருக்கைப் பகுதி எழுந்தது. அரங்கில் இப்போது 61 ஆயிரம் பேர் உட்காரலாம். எதிர்த் தெருவில் பழைய ரொட்டிக் கடை மூடப்பட்டபோது, அக்கம்பக்கத்தார் சேர்ந்து கூட்டுறவாக எடுத்து ‘ஹோம்பேக்டு’ என்று நடத்தினார்கள். பெரிய அரங்கின் நிழலில் அந்தச் சின்னக் கடையைப் பார்த்தபோது எனக்குச் சந்தோஷமாகவும் இருந்தது, கொஞ்சம் கோபமாகவும் இருந்தது.

சாப்பாட்டைப் பற்றி ஒரு வார்த்தை. ஊர்க்காரர்களை ‘ஸ்கவுசர்’ என்பார்கள். ‘ஸ்கவுஸ்’ என்ற இறைச்சிக் குழம்பிலிருந்து வந்த பெயர். மாட்டிறைச்சி சாப்பிடாதவர்கள் ‘பிளைன்ட் ஸ்கவுஸ்’ என்று கேளுங்கள். இறைச்சி வாங்கக் காசில்லாதவர்கள் காய்கறி மட்டும் போட்டு ஆக்கியது, குருட்டுக் குழம்பு என்று பெயர். உருளைக்கிழங்கும் கேரட்டும் குழைந்து நன்றாகத்தான் இருந்தது. கைவசம் மிளகாய்த் தூள் இருந்தால் இன்னும் நன்றாக இருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை குடிசன். இடிக்கப்போகிறார்கள் என்றிருந்த அரங்கு இப்போது எவர்ட்டன் பெண்கள் குழுவின் சொந்தத் திடல். நண்பகலில் ஆட்டம், நுழைவுச்சீட்டு சிரமமில்லாமல் கிடைத்தது. தம்பி சிவப்புச் சட்டையைப் பெட்டியிலேயே விட்டுவிட்டுக் கறுப்பு ஜாக்கெட் போட்டுக்கொண்டு வந்தான். “அப்பாவுக்காக” என்றான். பயம் என்று நான் சொன்னேன்.

கைப்பேசியில் அப்பாவை அழைத்தேன். கிள்ளானில் மாலை ஏழு மணி.

“என்னாம்மா தெரியுது?”

வானொலியில் பத்து வருடத்துக்கு மேல் பேசுகிறேன். அந்த ஒரு கேள்விக்கு எனக்கு வார்த்தை வரவில்லை. தம்பி முழங்கையால் இடித்தான். பிறகு சொல்ல ஆரம்பித்தேன். தூண்கள் பார்வையை மறைக்கின்றன. இருக்கைகளில் பழைய மரப் பலகைகள். எதிரே புல்லன்ஸ் ரோடு பக்கம், மேல்மாடத்தின் முகப்பில் இரும்பு பெருக்கல் குறி போலக் குறுக்கும் நெடுக்குமாகப் போகிறது.

“ஆர்ச்சிபால்ட் லீட்ச்” என்றார் அப்பா. அதை வடிவமைத்தவர் பெயர். “மூலையில கோயில் இருக்கா?”

இருந்தது. புனித லூக்கா தேவாலயம், இரண்டு இருக்கைப் பகுதிகள் சந்திக்கும் மூலையில், அரங்குக்குள்ளேயே எட்டிப் பார்ப்பதுபோல. அப்பா தொலைக்காட்சியில் ஆயிரம் முறை பார்த்தது. இருக்கிறது என்றேன். “ம்” என்றார்.

அவர் சொல்லச் சொல்ல நான் தேடினேன். 1927-28 பருவத்தில் லீக்கில் 60 கோல் அடித்த டிக்ஸி டீன், 1980இல் இதே அரங்கில் லிவர்பூலுக்கு எதிரான ஆட்டத்தைப் பார்த்துக்கொண்டிருந்தபோது உயிர்விட்டார். 1966 உலகக் கிண்ணக் காலிறுதியில் வட கொரியா போர்த்துகலை 3-0 என்று முந்தியதும் இங்கேதான். யூசேபியோ நாலு கோல் அடித்து 5-3 என்று திருப்பினார். ஆசியக் குழு ஒன்று உலகத்தையே வாய்பிளக்க வைத்த அரை மணி நேரம் அது. சின்னப் பையனாக அதைத் தாத்தா சொல்லக் கேட்டதாக அப்பா சொன்னார். நான் முன்பு கேட்டதே இல்லை.

ஆட்டம் தொடங்கியதும் தமிழில் வர்ணனை சொன்னேன். எனக்குக் காற்பந்தில் பந்தும் கோலும்தான் நிச்சயமாகத் தெரியும். மற்றதைத் தம்பி காதில் ஓதினான், நான் ஒலிபரப்பினேன். முன்வரிசைப் பாட்டி திரும்பி எந்த மொழி என்று கேட்டார். தமிழ், மலேசியாவில் இருக்கும் அப்பாவுக்கு என்றேன். கைப்பேசியை வாங்கி, தடித்த லிவர்பூல் உச்சரிப்பில் அப்பாவிடம் ஏதோ நீளமாகச் சொன்னார். எனக்கு ஒரு சொல்கூடப் பிடிபடவில்லை. அப்பாவுக்கும் புரிந்திருக்காது. ஆனால் இரண்டு பேரும் சிரித்தார்கள்.

இரண்டாம் பாதியில் எவர்ட்டன் பெண் ஒருத்தி இடது ஓரத்தில் மூன்று பேரைத் தாண்டி ஓடி அடித்த பந்து கம்பத்தை உரசி வெளியே போனது. பக்கத்தில் யாரோ எழுந்து நின்று தொண்டை கிழியக் கத்தினார்கள்.

“யாரும்மா அது கத்தறது?”

“தம்பிப்பா.”

கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் சத்தமே இல்லை. அப்புறம் அப்பா அம்மாவைக் கூப்பிட்டு, மகன் கட்சி மாறிவிட்டான் என்று சொல்வது கேட்டது.

வெளியே குடிசன் ரோட்டில் பொரியல் கடை அம்மாவிடம் பேசினோம். ஆண்கள் ஆட்டத்துக்கு 39 ஆயிரத்துக்கும் மேல் கூட்டம் வரும், இப்போது அந்த வியாபாரம் இல்லை, ஆனால் குடும்பங்கள் வருகின்றன, பிள்ளைகள் வருகிறார்கள் என்றார். கதவை மூடாமல் இருந்தாலே போதும் என்பதுபோல இருந்தது அவர் பேச்சு.

மறுநாள், கிளம்புவதற்கு முன், சேண்ட்ஹில்ஸ் நிலையத்தில் இறங்கி நீண்ட துறைமுகச் சுவரை ஒட்டியே மெர்சி நதிப் பக்கம் நடந்தோம். 1848இல் திறந்த பிராம்லி-மூர் கப்பல்துறை இருந்த இடத்தில் எவர்ட்டன் ஆண்கள் குழுவின் புதிய அரங்கு நிற்கிறது. நகரின் துறைமுகத்துக்கு யுனெஸ்கோ தந்திருந்த உலகப் பாரம்பரிய அந்தஸ்து 2021இல் பறிபோனதற்குச் சொன்ன காரணங்களில் இந்த அரங்கும் ஒன்று. துறையை நிரப்பி அரங்கு கட்டியது சரிதானா என்பதில் எனக்கு இன்னும் தெளிவில்லை. ஆனால் அரங்கு அழகு. கீழ்ப்பகுதி முழுக்கச் செங்கல், மேலே பீப்பாய் முதுகு போன்ற உலோகக் கூரை. கிட்டே போனதும் தம்பிதான் முதலில் பார்த்தான். செங்கல்லிலேயே அந்தப் பெருக்கல் குறிகள்.

அப்பாவை மறுபடி அழைத்தோம். இந்த முறை கைப்பேசியை அவன் வாங்கிக்கொண்டான்.

“ப்பா, லீட்ச் கோடு இங்கயும் போட்டிருக்காங்க. செங்கல்ல.”

“கைய வெச்சுப் பாத்துச் சொல்லு, எடுத்திருக்கா, வெறும் கலர் மாத்தியிருக்காங்களா?”

லிவர்பூல் ரசிகன் ஜாக்கெட் கையை மடித்துவிட்டு, அந்தக் குளிரில் எவர்ட்டன் சுவரைத் தடவிப் பார்க்க ஆரம்பித்தான்.