உட்கார ஓர் இடம்: கண்டி வாவிக்கரையிலிருந்து சில சிந்தனைகள்

ஏ-9 வீதியைப் பற்றி எமது வாசகியருக்கு எவரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அது மூடப்பட்ட நாட்களையும் திறக்கப்பட்ட நாட்களையும் வைத்தே தமது வாழ்க்கையைக் கணக்கிடுபவர்கள் நம்மிடையே உள்ளனர். அந்த வீதியின் மறுமுனைதான் கண்டி நகரம். இன்று வைத்தியத்துக்காகவும், பேராதனைப் பல்கலைக்கழகத்தில் படிக்கும் பிள்ளைகளைப் பார்க்கவும், பயிற்சிகளுக்காகவும் நம் பெண்கள் பலர் அங்கு வந்துபோகின்றனர். அலுவல் முடிந்து பஸ் வரும்வரை அவர்கள் எங்கே இருப்பது? சிறிய கேள்விதான். ஆனால் ஒரு நகரம் யாருக்குச் சொந்தம் என்பதை இக்கேள்வியே காட்டிவிடுகின்றது.

கண்டியின் நடுவே அமைந்துள்ளது வாவி. நாயக்கர் வம்சத்தில் வந்த கடைசி மன்னன் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன், 1807 ஆம் ஆண்டளவில் வயல் நிலத்தை அணைகட்டி மறித்து இதனை அமைக்கத் தொடங்கினான். குடிமக்களின் கட்டாய உழைப்பினாலேயே வேலை நடந்தது. 1815 இல் பிரித்தானியரிடம் பிடிபட்ட அம்மன்னன் வேலூருக்கு நாடுகடத்தப்பட்டு 1832 இல் அங்கேயே இறந்தான். கரையோரத்தில் ராணிமார் நீராடிய மண்டபத்தின் மேல் பிரித்தானியர் ஒரு மாடி கட்டி அதை நூலகமாக்கினர். வாவியின் நடுவிலுள்ள தீவை வெடிமருந்துக் களஞ்சியமாகப் பயன்படுத்தினர். இவ்வாறு அரசருக்கும் ஆட்சியாளருக்கும் உரியதாயிருந்த கரையில், இன்று தோட்டத்திலிருந்து சந்தைக்கு வந்த பெண்ணும் பாடசாலைப் பிள்ளைகளும் பிக்குமாரும் முஸ்லிம் குடும்பங்களும் ஒன்றாகவே நடக்கின்றனர்.

இந்த இடத்துக்கு மக்கள் விரும்பி வருவதற்குக் காரணம் என்ன? முதலாவது, இங்கு கட்டணம் இல்லை. பேராதனைப் பூங்கா அழகானது. ஆயினும் குடும்பமாகப் போனால் அனுமதிச்சீட்டுக்குப் பணம் எண்ண வேண்டும். இரண்டாவது நிழல். கரையோரப் பெருமரங்கள் வெயிலை மறைக்கின்றன. மரத்திலுள்ள பறவைகளின் எச்சத்துக்குப் பயந்து சிலர் குடை பிடித்து நடப்பதும் உண்டு! மூன்றாவது, வாவியைச் சுற்றி மூன்று கிலோமீற்றருக்குச் சற்று மேற்பட்ட நடைவழி இருப்பது. நடப்பவளிடம் “ஏன் இங்கே நிற்கிறாய்?” என்று எவரும் கேட்பதில்லை.

அமெரிக்க ஆய்வாளர் வில்லியம் வைட், நியூயோர்க் நகரின் சிறு சதுக்கங்களைப் படமெடுத்து ஆராய்ந்து 1980 இல் ஒரு நூல் வெளியிட்டார். உட்கார வசதியுள்ள இடத்திலேயே மக்கள் உட்காருகிறார்கள், மக்களை ஈர்ப்பது மற்ற மக்களே என்பன அவருடைய முடிவுகள். பெண்கள் கூடுதலாகக் காணப்படும் இடம் நல்ல இடம் என்பதற்கு அதுவே ஓர் அடையாளம் என்றும் அவர் கண்டார். ஏனெனில் பெண்கள் இடத்தைப் பார்த்துத்தான் அமர்கிறார்கள். வெளிச்சமும் ஆள்நடமாட்டமும் இல்லாவிட்டால் விலகிவிடுகிறார்கள்.

இவ்வளவுகோலால் பார்த்தால் வாவிக்கரையிலும் குறைகள் உண்டு. பக்கத்து வீதியின் வாகனப் புகை மலைகள் சூழ்ந்த இப்பள்ளத்தில் தேங்கி நிற்கின்றது. பொழுதுபட்டதும் தனியே நிற்கும் பெண்ணின் மனம் பதறத் தொடங்குகின்றது. சுத்தமான மலசலகூடம் அருகில் இருக்கிறதா, அறிவிப்புப் பலகையில் தமிழ் இருக்கிறதா என்பவை சிறிய விடயங்களல்ல. வழி கேட்கவே தயங்கும் ஒருத்திக்கு, தன் மொழியில் எழுதிய ஒரு பலகை “நீயும் வரலாம்” என்று சொல்கின்றது.

அச்சமும் ஓர் இடத்தின் அமைப்பை மாற்றும். 1998 ஜனவரி 25 ஆம் திகதி தலதா மாளிகை வாசலில் நடந்த குண்டுத் தாக்குதலில் பொதுமக்கள் உயிரிழந்தனர். அதன்பின் மாளிகைக்கு முன்னாலுள்ள வீதி வாகனங்களுக்கு மூடப்பட்டது. நடப்பவர்களுக்கு அமைதி கிடைத்தது. ஆனால் அந்த அமைதிக்குப் பின்னால் மரணங்களும், சோதனைச் சாவடியில் அடையாள அட்டையை நீட்டி நின்ற தமிழ்ப் பெண்களின் கூச்சமும் இருந்தன. 2018 மார்ச்சில் கண்டி மாவட்டத்தில் முஸ்லிம்களுக்கு எதிரான வன்முறை நடந்து ஊரடங்கு போடப்பட்டபோது, வெளியே வர அஞ்சியவர்கள் வேறு பெண்கள். ஒரு பொது இடம் எல்லோருக்கும் பயமற்றதாக இருந்தால்தான் அது பொது இடம்.

நம் ஊர்களை எண்ணிப் பாருங்கள். கணவனை இழந்தவள், காணாமற்போனவரைத் தேடுபவள், தனியே குடும்பத்தைச் சுமப்பவள் ஆகியோர் வீட்டை விட்டு வெளியே வந்து மூச்சுவிட கோயில் வீதியையும் ஆஸ்பத்திரி வாங்கையும் தவிர எத்தனை இடங்கள் உண்டு? சும்மா உட்கார்ந்திருக்கும் ஆணை ஊர் கவனிப்பதில்லை. பெண்ணென்றால் கதை கட்டுகின்றது. ஒருத்தி தனியாக இருந்தால் கதை. பத்துப் பேர் இருந்தால் அது வழக்கம். ஆகவே முதலில் கூட்டாகப் போய் இருந்து பழகுவோம்.

கேட்பதற்கும் இன்று வழி உண்டு. உள்ளூராட்சி சபைகளில் பெண்களுக்கு 25 சதவீத ஒதுக்கீடு 2018 தேர்தலிலிருந்து நடைமுறைக்கு வந்தது. உங்கள் பிரதேச சபையின் பெண் உறுப்பினர் யாரென்று விசாரியுங்கள். மாதர் சங்கத்தின் பெயரில் ஒரு கடிதம் எழுதுங்கள். ஒரு நிழல் மரம், நான்கு வாங்குகள், ஒரு மின்விளக்கு, பூட்டாத ஒரு மலசலகூடம், சந்தைக்கோ பஸ் நிலையத்துக்கோ பக்கத்தில். இது சலுகையல்ல, வரி கட்டும் குடிமக்களின் உரிமை.