பட்டை மூட்டைக்குள் பேப்பர்

1938இல் எனக்குப் பதினொரு வயது. நைனா ஆம்பூரில் ஒரு தோல் ஷாப்பில் கணக்குப் பிள்ளை. மத்தியானச் சோற்று நேரத்தில் சுண்ணாம்புக் குழியிலிருந்து ஏறி வருகிறவர்கள் ஆவாரம்பட்டை மூட்டைகள்மேல் சாய்ந்துகொள்வார்கள். நான் பெரியாரின் ‘விடுதலை’ பேப்பரை வாசிக்க வேண்டும். “சத்தமாப் படிடா தம்பி” என்பார் மேஸ்திரி.

அந்த ஏப்ரலில்தான் 125 பள்ளிக்கூடங்களில் இந்தி கட்டாயம் என்று ராஜாஜி மந்திரிசபையின் உத்தரவு வந்திருந்தது. எங்கள் பள்ளிக்கூடம் அந்தக் கணக்கில் இல்லை. இருந்தாலும் கோபம் எங்களுக்கும் வந்தது.

நைனா கதர்காரர். 1921 டிசம்பரில் ராஜாஜியை வேலூர் ஜெயிலில் போட்டபோது தொரப்பாடி ரோட்டில் போய் நின்றுவிட்டு வந்தவர். அங்கே ராஜாஜி இருந்த மூன்று மாதத்தைப் பற்றி மணிக்கணக்கில் பேசுவார். அதனால் இந்தியை எதிர்த்த எங்கள் பேப்பரை அவர் தொடமாட்டார். தடுக்கவும் மாட்டார்.

ஒருநாள் வாசித்தேன்: ‘விடுதலை’ ஆசிரியர் முத்துசாமிப் பிள்ளையும், பெரியாரின் அண்ணன், வெளியீட்டாளர் ஈ.வெ.கிருஷ்ணசாமியும் கைது. மேஸ்திரி வெற்றிலை மெல்வதை நிறுத்தினார்.

“மெதுவாப் படி.”

நைனா பேனாவைக் கீழே வைத்தார். எழுதியதற்காகக் காந்தி உள்ளே போனபோது, ‘யங் இந்தியா’வைக் கொஞ்ச காலம் நடத்தியவரே ராஜாஜிதான். காங்கிரஸ்காரனை அடக்க வெள்ளைக்காரன் போட்ட சட்டத்தை எடுத்து இப்போது இந்தி எதிர்ப்பு மறியல்காரர்கள்மேல் வீசுகிறவரும் அவர்தான். “அந்த மனுஷனா?” என்று மட்டும் கேட்டார் நைனா. நானறிய, அவரைப் பற்றி நைனா முகம் சுளித்தது அந்த ஒருமுறைதான்.

மறுநாள் முதலாளி வந்து, “காயிதம் இங்கே வேணாம் பிள்ளை” என்றார். யாரோ அவரிடம் விசாரித்திருக்க வேண்டும். நைனா பழைய இதழ்களை எல்லாம் பட்டை மூட்டைக்குள் திணித்தார். கதர்ச் சட்டை போட்ட கையால்.

1939 அக்டோபர் 1ஆம் தேதி வட ஆற்காட்டில் மதுவிலக்கு வந்தது. கள்ளுக்கடை மூடிய அன்று மேஸ்திரி வீட்டு அக்கா ராஜாஜி பேரில் சூடம் ஏற்றினாள். மேஸ்திரிக்கு இரட்டைத் தலைவலி. அதே மாசக் கடைசியில் மந்திரிசபை ராஜினாமா.

1940 பிப்ரவரியில் கவர்னர் கட்டாய இந்தியை எடுத்ததும் மூட்டையை அவிழ்த்தோம். பட்டைத்தூள் ஏறி, ஊறிய தோல் மாதிரி செம்பழுப்பாகக் கிடந்தது பேப்பர். கொட்டை எழுத்துத் தலைப்புக்குக் கீழே எதுவும் வாசிக்க வரவில்லை. மேஸ்திரி ஒரு தாளைக் கிழித்து வெற்றிலை மடித்துக்கொண்டார்.