விருந்தளித்தோர் பாட்டு

ஐரோப்பிய நாடுகள் ஆண்டுதோறும் கூடி நடத்தும் யூரோவிஷன் பாட்டுப் போட்டியில் ஒரு வழக்கம் உண்டு. ஓராண்டில் எந்நாட்டின் பாட்டு வெல்கின்றதோ, பெரும்பாலும் அந்நாடே அடுத்த ஆண்டுப் போட்டியைத் தன் மண்ணில் நடத்தும். அரங்கு அமைப்பதும், வந்தாரை வரவேற்பதும், நிகழ்ச்சியைக் கண்டம் முழுதும் காணுமாறு ஒளிபரப்புவதும் அதன் கடன். இத்தனைக்கும் நடுவே தானும் ஒரு பாட்டைப் பாடுதல் வேண்டும். அவ்விருந்தளிப்போர் பாட்டைப் பற்றியே ஈண்டுச் சில கூற விழைகின்றோம்.

2014-ஆம் ஆண்டில் கோபன்ஹேகன் நகரில் ஆஸ்திரியாவின் கொன்சிட்டா வுர்ஸ்ட் வென்றார். 1966-க்குப் பின் அந்நாடு கண்ட முதல் வெற்றி அது. ஆகவே 2015-ஆம் ஆண்டு மே மாதம் 23-ஆம் நாள், மோட்சார்ட்டும் ஷூபர்ட்டும் வாழ்ந்த வியன்னா நகரில் இறுதிப் போட்டி நிகழ்ந்தது. அரங்கேறிய பாட்டுக்கள் 27. ஆஸ்திரியாவின் பொருட்டு மேக்மேக்ஸ் என்னும் மூவர் குழுவினர் பாடினர். பாட்டு முதிர்ந்த வேளையில் பாடகர் வாசித்த பியானோவினின்று தீ எழுந்தது. அவர் வாசிப்பை நிறுத்தினாரல்லர். அவர்கள் பெற்ற புள்ளி ஒன்றுமில்லை. அண்டை நாடாகிய ஜெர்மனிக்கும் அன்று அதே கதி. எனினும் தன் வீட்டிலேயே வெறுங்கையோடு நின்ற நாடு, இப்போட்டியின் வரலாற்றில் ஆஸ்திரியாவே முதலாவது.

அந்நிகழ்ச்சியின் பதிவை எம் விடுதி அறையில் தோழர் சிலரோடு கண்டோம். "ஒருவருக்குமே பிடிக்காத பாட்டு" என்றார் ஒருவர். யாம் உடன்படவில்லை. கணக்கிடும் முறையை ஆராய்ந்தபோது எம் ஐயம் வலுத்தது. அந்நாளில் ஒவ்வொரு நாட்டிலும் ஐவர் அடங்கிய நடுவர் குழு பாட்டுக்களை வரிசைப்படுத்தும். தொலைபேசி வழியாக மக்களும் வரிசைப்படுத்துவர். இரண்டையும் கூட்டி, முதற்பத்து இடம் பெற்ற பாட்டுக்களுக்கே புள்ளி வழங்குவர். பதினோராம் இடத்திற்கும் கடைசி இடத்திற்கும் வேறுபாடு இல்லை. எல்லா நாட்டாரும் ஒரு பாட்டைப் பதினோராவதாக மதித்தாலும் அதற்குக் கிடைப்பது சுழியே! நடுவர் வரிசையை மட்டும் கொண்டு கணக்கிட்டிருப்பின் ஆஸ்திரியாவுக்குச் சில புள்ளிகளேனும் கிட்டியிருக்கும். 2016 முதல் நடுவர் புள்ளியையும் மக்கள் புள்ளியையும் தனித்தனியே வழங்கலாயினர். அதன் விந்தையை 2025-இல் பேசல் நகரில் காண்கின்றோம். விருந்தளித்த சுவிட்சர்லாந்துக்கு நடுவர் தந்தவை 214. மக்கள் தந்தது சுழி.

மற்றொன்றும் கருதத்தக்கது. எந்நாட்டாரும் தம் நாட்டுப் பாட்டுக்குத் தாமே புள்ளி இடலாகாது என்பது விதி. அரங்கிலே தம் மக்கள் எழுப்பும் ஆரவாரம் வானைப் பிளக்கலாம். புள்ளிப் பலகையில் அதற்கு இடமில்லை. அரங்கேறும் வரிசையை 2013 முதல் நிகழ்ச்சி அமைப்போரே வகுத்தபோதிலும், விருந்தளிக்கும் நாட்டின் இடத்தைச் சீட்டுக் குலுக்கியே எடுத்தனர். தமக்கு நல்லிடத்தைத் தாமே ஒதுக்கிக் கொள்ளாமைப் பொருட்டு இந்த ஏற்பாடு. நடத்துவோர் தமக்கே இட்டுக்கொண்ட இக்கட்டுப்பாடு எமக்குப் பெரிதும் உவப்பளிப்பது.

வியன்னாவில் நிகழ்ந்ததை ஒத்தவை முன்னும் பின்னும் உண்டு. 1957-இல் வென்ற நெதர்லாந்தின் கோரி புரோக்கன் என்னும் அம்மையார், மறு ஆண்டு தம் நாட்டு ஹில்வர்சம் நகரிலே பாடி ஒரே புள்ளி பெற்றுக் கடைசி இடத்தைப் பகிர்ந்துகொண்டார். முடி சூடியவரும் அவரே, அடியில் நின்றவரும் அவரே. போர்ச்சுகல் 2017-இல் 758 புள்ளிகளோடு வென்று, 2018-இல் லிஸ்பனில் 39 புள்ளிகளோடு இறுதியில் நின்றது. விருந்தளித்தோரே வென்ற ஆண்டுகளும் இல்லாமலில்லை: 1956, 1969, 1973, 1979, 1993, 1994. இவற்றுள் இறுதி இரண்டும் அயர்லாந்துக்கு உரியவை. அதன்பின் 2025 வரை ஒருவரும் அவ்வாறு வென்றிலர்.

காரணம் யாது? மீண்டும் செலவு நேராதிருக்க வேண்டி, வேண்டுமென்றே நலிந்த பாட்டை அனுப்புகின்றனர் என்பார் உளர். இதனை யாம் ஏலோம். தோற்க விரும்புபவன் பியானோவுக்குத் தீ மூட்டுவானா? விருந்தளிக்கும் நாட்டின் பாட்டு அரையிறுதியில் போட்டியிடுவதில்லை. நேரே இறுதிக்குச் செல்கின்றது. மற்றவர் பாட்டுக்கள் அரையிறுதியில் பலர் செவியிற் பட்டுப் பழகி வர, இது மட்டும் பழக்கமின்றி வந்து நிற்கின்றது. சலுகையே சுமையாயிற்று என்பது எம் எண்ணம். 2024-இல் மால்மோவில் இத்தகைய பாட்டுக்களையும் அரையிறுதி மேடையில் முழுமையாகப் பாடுவிக்கத் தொடங்கினர். ஆதலின் அமைப்போரும் இக்குறையை உணர்ந்திருத்தல் கூடும்.

வியன்னாவில் அன்றிரவு 365 புள்ளிகளோடு சுவீடன் வென்றது. தம் நாட்டுக்கு ஒரு புள்ளியும் வாராத அவ்வரங்கிலே, கொன்சிட்டா தம் கையாலேயே வெற்றிக் கிண்ணத்தைச் சுவீடன் நாட்டு மோன்ஸ் செல்மெர்லேவிடம் அளித்தார். மறு ஆண்டு ஸ்டாக்ஹோமில் விருந்தளிக்கும் முறை சுவீடனுடையதாயிற்று. அதன் பாட்டு ஐந்தாம் இடம் பெற்றது.