கைப்பிடியும் கனவும்

கதை கேளாத குழந்தை இல்லை. கனவு காணாத மனிதரும் இல்லை. இவ்விரண்டும் உள்ளத்தின் ஆழத்தில் தாமே ஊறுவன. அந்த ஊற்றுக்கும் ஒரு குழாய் பொருத்திவிட வேண்டும் என்னும் ஆசை மனிதனை விட்டபாடில்லை. கதையையும் கனவையும் விரும்பியவாறு வார்த்தெடுக்கும் பொறி ஒன்று கிடைத்தால் என்ன ஆகும்? எழுத்தாளர்கள் ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகளாக இவ்வினாவைக் கேட்டு வருகின்றனர்.

ஜோனதன் ஸ்விப்ட் 1726-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'கல்லிவரின் பயணங்கள்' என்னும் நூலில் அத்தகைய பொறி ஒன்று வருகிறது. லகாடோ நகரத்துக் கல்விக்கழகத்தில் ஒரு பேராசிரியர் இருக்கிறார். அவரது அறையின் நடுவே இருபது அடிச் சதுரச் சட்டம் ஒன்று நிற்கிறது. பகடைக்காய் அளவுள்ள மரத்துண்டுகள் அதில் கம்பிகளால் கோக்கப்பட்டுள்ளன. அந்நாட்டு மொழியின் சொற்கள் எல்லாம் தாளில் எழுதப்பட்டு அத்துண்டுகளின்மேல் ஒட்டப்பட்டுள்ளன. சட்டத்தைச் சுற்றி நாற்பது இரும்புக் கைப்பிடிகள். அவற்றைப் பற்றிய நாற்பது மாணவர்கள். பேராசிரியர் ஆணையிட்டதும் கைப்பிடிகள் சுழலும். சொற்கள் இடம் மாறும். முப்பத்தாறு பேர் வரிகளை மெல்லப் படித்து, தொடர்போல் தோன்றும் மூன்று நான்கு சொற்களைக் கண்டால் உரைப்பர். எஞ்சிய நால்வர் எழுதிக்கொள்வர். நாள்தோறும் ஆறு மணி நேரம் இவ்வேலை நடக்கிறது. கல்வியே இல்லாதவரும் சிறிது உடலுழைப்பால் மெய்யியலும் கவிதையும் சட்டமும் எழுதிவிடலாம் என்பது பேராசிரியரின் பெருமிதம்.

படிப்போர் அவரது பேதைமையைக் கண்டு நகைப்பர். நகைத்து முடித்தபின் அந்த மாணவர்களையும் சற்று நினைத்தல் வேண்டும். உடைந்த தொடர்கள் பெரிய பெரிய ஏடுகளாகச் சேர்ந்தன. ஆயினும், அந்நாற்பதின்மரில் ஒருவனாவது தன் மனத்தில் தோன்றிய ஒன்றைச் சொல்லக் கற்றான் என்று ஸ்விப்ட் எழுதவில்லை. பேராசிரியருக்கு நூல்கள் வேண்டியிருந்தன. எதிரே நின்ற இளைஞர்கள் அவருக்குக் கைப்பிடி சுழற்றும் கைகளாகவே தெரிந்தனர்.

ஜார்ஜ் ஆர்வெல் 1949-இல் வெளியிட்ட '1984' என்னும் புதினத்தில் இப்பொறி அரசின் உடைமையாகிறது. பொதுமக்களுக்கான கதைகளும் பாடல்களும் பொறிகளிலிருந்தே வெளிவருகின்றன. ஆனால் முற்றத்தில் துணி உலர்த்தும் ஓர் ஏழைப் பெண் அத்தகைய பாடலொன்றைப் பாடும்போது, அந்த வெற்றுப் பாட்டும் ஏறக்குறைய இனிமையாகிவிடுகிறது. ஆக்கிய பொறி தராத உயிரைப் பாடியவள் தந்தாள்.

கனவை வார்க்கும் பொறியைப் பற்றி எழுதியவர் அமெரிக்க எழுத்தாளர் அர்சுலா லெ குவின். 1971-இல் வந்த 'தி லேத் ஆப் ஹெவன்' என்னும் அவரது புதினத்தில் ஜார்ஜ் என்னும் எளிய மனிதன் வருகிறான். அவன் காணும் சில கனவுகள் அவன் விழிக்கும்போது உண்மையாகிவிடுகின்றன. உலகமே மாறிவிடும், மாறியதைப் பிறர் உணரவும் மாட்டார். அஞ்சிய அவன், கனவு வாராமல் இருக்க மருந்து உண்கிறான். அதனாலேயே ஹேபர் என்னும் மனநல மருத்துவரிடம் அனுப்பப்படுகிறான். அவன் வேண்டியது கனவிலிருந்து விடுதலை. மருத்துவரோ ஆக்மென்டர் என்னும் பொறியை அவன் தலையோடு இணைத்து, இன்னதைக் கனவு காண் என்று ஏவுகிறார். அவர் நோக்கம் தீயதன்று. மக்கள் நெருக்கடி தீரவேண்டும் என்கிறார். கொள்ளைநோயால் கோடிக்கணக்கானோர் மாண்டுபோன உலகம் விடிகிறது. மனிதருக்குள் போர் ஒழியவேண்டும் என்கிறார். வேற்றுலகத்தார் படையெடுத்து வர, மனிதர் ஒன்றுபடுகின்றனர். நிறவேற்றுமை நீங்கவேண்டும் என்கிறார். மனிதர் அனைவரும் சாம்பல் நிறமாகின்றனர். இறுதியில் அவரே பொறியோடு தம்மை இணைத்துக்கொண்டு கனவு காண்கிறார். உலகம் சிதறத் தொடங்குகிறது. அதை நிறுத்தியவன் ஜார்ஜே.

ஹேபரும் லகாடோப் பேராசிரியரும் செய்த பிழை ஒன்றே. ஒருவர் எதிரே கற்க வந்தவர் நின்றனர். மற்றவர் எதிரே துயர் தீர வந்தவன் இருந்தான். இருவரும் ஆளைப் பார்க்கவில்லை; அவரிடமிருந்து பெறவேண்டிய பொருளையே பார்த்தனர்.

லகாடோவின் சட்டம் இன்று வெறுங்கற்பனை அன்று. 2022 நவம்பரில் சாட்ஜிபிடி பொதுமக்களின் பயன்பாட்டுக்கு வந்தது. பழைய சட்டம் சொற்களைக் கண்மூடிப் புரட்டியது. புதியதோ, மனிதர் எழுதிக் குவித்தவற்றில் பயின்று, எச்சொல்லுக்குப்பின் எச்சொல் வரத்தகும் என்று கணக்கிட்டுத் தொடர் அமைக்கிறது, தமிழிலும் அமைக்கிறது. ஆகவே, மாணவர் கையில் இப்போது கைப்பிடி சுழற்றும் வேலைகூட இல்லை.

இடைநிலைப்பள்ளித் தமிழாசிரியர் ஒருவர் 'நான் கண்ட கனவு' என்னும் தலைப்பில் கட்டுரை எழுதிவரப் பணித்தார். லகர ளகர வேறுபாடு இன்னும் கைவராத மாணவன் ஒருவன் பிழையே இல்லாத கட்டுரையைக் கொணர்ந்தான். அதில் பசுஞ்சோலை இருந்தது; வெண்புறா இருந்தது; உலக அமைதியும் இருந்தது.

"இது உன் கனவா?" என்று ஆசிரியர் வினவினார்.

"இல்லை, ஐயா. என் கனவை நானே எழுதினால் தாள் முழுதும் சிவப்பு மையாகிவிடும்."

ஆசிரியர் அவனது பழைய ஏட்டைப் புரட்டினார். பக்கந்தோறும் சிவப்பு மை. ஒற்றுப்பிழை, சந்திப்பிழை யாவும் சுட்டப்பட்டிருந்தன. அவன் சொல்லியிருந்ததைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை. அந்தக் கையெழுத்து ஆசிரியருடையது. நெடுநேரம் அவர் பேசவில்லை. அவன் தாய் பற்றியோ கனவு பற்றியோ ஒரு கட்டுரை அவருக்குத் தேவையாகவா இருந்தது? எழுதத் தெரிந்த ஒரு பிள்ளை அல்லவா தேவை!

"பிழை இருக்கட்டும். நீயே எழுது" என்றார்.

மறுநாள் எட்டு வரிகள் வந்தன. இறந்துபோன தாத்தா மிதிவண்டியில் பள்ளி வாயிலுக்கு வருகிறார். பேரன் பின்னால் ஏறி அமர்கிறான். வீட்டுக்குப் போகும் வழி இருவருக்குமே மறந்துபோகிறது. எட்டு வரிகளில் பதினொரு பிழைகள். ஆசிரியர் முதலில் கட்டுரையின் அடியில், "பிறகு எங்கே போனீர்கள்?" என்று எழுதினார். அதன் பின்னரே பிழைகளைத் திருத்தினார், கனவைத் திருத்தவில்லை.