சத்துருக்கொண்டானிலிருந்து சந்தைக்கு

வந்தாறுமூலையிலிருந்து டவுனுக்குப் போற ரோட்டில்தான் சத்துருக்கொண்டான் இருக்கு. கெம்பஸிலிருந்து சாமான் வாங்கப் போகும்போதெல்லாம் அதைத் தாண்டித்தான் போவோம். ஒருநாளும் இறங்கினதில்லை. இந்த செப்டம்பர் 9 இறங்கினோம்.

1990இல் அதே நாளில் சத்துருக்கொண்டான், கொக்குவில், பனிச்சையடி, பிள்ளையாரடி ஊர்ச்சனத்தை போய்ஸ் டவுன் இராணுவ முகாமுக்குக் கொண்டுபோய்க் கொன்றார்கள். 184 பேர். கைக்குழந்தைகளும் அதில் அடக்கம். அதற்கு நாலு நாள் முந்தித்தான், நாங்கள் படிக்கிற இதே வளாகத்தில் தஞ்சமிருந்தவர்களில் 158 பேரைப் பிடித்துக்கொண்டு போனார்கள். அவர்கள் திரும்பவேயில்லை. இன்றுவரை ஒருவரும் தண்டிக்கப்படவில்லை.

தூபியடியில் மெழுகுவர்த்தி கொளுத்தினோம். பிறகு பஸ் ஏறி வழமைபோல சந்தைக்குப் போனோம். வாளி வாங்கினோம், கச்சான் கொறித்தோம். பன்பாய்க்கு விலை பேசும்போதுதான் மனசு உறுத்தியது. அழுத கண் காயமுந்தி இப்படிப் பேரம் பேசுறமே?

பாய் விற்ற அம்மா எங்கள் விரல்களில் ஒட்டியிருந்த மெழுகைப் பார்த்தார்.

“சத்துருக்கொண்டானாலயா வாறீங்க புள்ள?”

தலையாட்டினோம்.

“நம்மட அக்காவும் அதிலதான். எனக்குப் பாய் இழைக்கப் பழக்கினதும் அவதான்.”

அதற்குமேல் எங்களால் விலை பேச முடியவில்லை. அவரோ தானாகவே ஐம்பது ரூபாய் குறைத்தார். வேணாமென்றோம், கேட்கவில்லை.

“மறுகா அடுத்த வருசமும் போங்க” என்றார்.

ஹொஸ்டலில் அந்தப் பாயில்தான் படுக்கிறோம். இப்போது பஸ் சத்துருக்கொண்டானைத் தாண்டும்போது எங்களுக்குள் கதை நின்றுவிடுகிறது.